அழையா விருந்தாளிகள்

தில்லி நேரு பிளேஸ். மெட்ரோ நிலையத்தை விட்டு வெளியே வந்ததுமே "லேப்டாப்? பிரிண்டர்? டோனர்?" என்று கேட்டபடி பையன்கள் சூழ்ந்துகொள்ளும் இடம். மயூர் விஹாரில் வசிக்கும், ஓய்வுபெற்ற மத்திய அரசு ஊழியர் ஒருவர் இங்கே புதிதாக ஒரு லேப்டாப் வாங்குகிறார் என்று வைத்துக்கொள்வோம். அவருடைய தேவைகள் மூன்றே மூன்று. பென்ஷன் கணக்கைப் பார்க்க வேண்டும். தமிழில் கடிதம் தட்டச்சு செய்ய வேண்டும். ஞாயிறு காலையில் வெளிநாட்டில் இருக்கும் பேத்தியின் முகத்தைப் பார்க்க வேண்டும்.

வீட்டுக்கு வந்து மெஷினை ஆன் செய்தால், அவர் கேட்காத ஒரு கூட்டமே உள்ளே குடியேறியிருக்கிறது. சீட்டாட்டம் இருக்கிறது. வேறு சில விளையாட்டுகள் இருக்கின்றன. லேப்டாப் கம்பெனியின் சொந்த 'உதவியாளர்' இருக்கிறார். முப்பது நாள் இலவசமாகக் காவல் காக்கும் ஆன்டி-வைரஸ் இருக்கிறது. முப்பத்தோராம் நாள் அந்தக் காவல்காரரின் குரல் மாறிவிடுகிறது. 'உங்கள் கம்ப்யூட்டர் ஆபத்தில் இருக்கிறது, உடனே பணம் கட்டுங்கள்' என்று நாளுக்கு நாலு முறை திரையில் எட்டிப் பார்க்கிறது.

எரிச்சலடைந்த பெரியவர் திரையில் இருக்கும் அந்தச் சின்னத்தைப் பிடித்துக் குப்பைத் தொட்டியில் போடுகிறார். தொல்லை விட்டது என்று நினைக்கிறார். மறுநாள் காலையில் அதே எச்சரிக்கை. வாசலில் பெயர்ப்பலகையைக் கழற்றிவிட்டால் குடித்தனக்காரர் வீட்டைக் காலி செய்துவிட்டதாக அர்த்தமில்லையே.

இந்தச் சின்னத் தொல்லைக்குப் பின்னால் பெரிய கேள்வி ஒன்று இருக்கிறது. காசு கொடுத்து வாங்கிய மெஷினுக்குள் எது இருக்க வேண்டும், எது வெளியேற வேண்டும் என்பதைத் தீர்மானிப்பவர் யார்? வாங்கியவரா, செய்தவரா, அல்லது சர்க்காரா? கடந்த சில ஆண்டுகளில் இந்தக் கேள்வி தில்லியின் ஆணையங்களையும் அமைச்சகத்தையும் சுற்றி வந்திருக்கிறது.

டாஸ் காலத்தில் இந்தப் பிரச்சினை அவ்வளவாக இல்லை. ஒரு விளையாட்டு பெரும்பாலும் ஒரே டைரக்டரிக்குள் அடங்கிக் கிடக்கும். அதை அழித்தால் கதை முடிந்தது. விண்டோஸ் வந்த பிறகு புரோகிராம்கள் கூட்டுக் குடும்பம் நடத்தத் தொடங்கின. பாதிச் சரக்கு தன் அறையில், மீதி விண்டோஸின் பொதுக் கிடங்கில், குறிப்புகளோ ரிஜிஸ்ட்ரி என்ற பேரேட்டில். ஒன்றைக் கண்டபடி அழித்தால் பக்கத்து புரோகிராம் படுத்துவிடும். அதனால்தான் 1995-ல் வந்த விண்டோஸ் 95, கன்ட்ரோல் பேனலில் 'ஆட்/ரிமூவ் புரோகிராம்ஸ்' என்ற கதவைத் திறந்து வைத்தது. வந்த வழியே முறைப்படி வெளியேற்றுவதற்கான கதவு அது.

விளையாட்டுகள் அதற்கு முன்பே உள்ளே வந்துவிட்டன. 1990-ல் விண்டோஸ் 3.0-வுடன் வந்த சாலிடேர் சீட்டாட்டத்தை எழுதியவர் வெஸ் செர்ரி என்ற பயிற்சி மாணவர். சீட்டுகளின் படங்களை வரைந்தவர் சூசன் கேர். அதற்காக செர்ரிக்கு ராயல்டி எதுவும் கிடைக்கவில்லை. மௌஸைப் பார்த்தறியாத ஒரு தலைமுறைக்கு, ஒரு பொருளைப் பிடித்து இழுத்து வேறிடத்தில் விடும் வித்தையைச் சொல்லிக்கொடுத்தது அந்தச் சீட்டுக்கட்டுதான். அந்த விருந்தாளி விளம்பரம் காட்டவில்லை, காசு கேட்கவில்லை. ஆபீஸ் நேரத்தைத் தின்றதைத் தவிர அதன்மேல் வேறு குற்றம் சொல்ல முடியாது.

பின்னால் வந்தவர்கள் அப்படியல்ல. கம்ப்யூட்டர் விற்பதில் லாபம் குறுகியபோது, தயாரிப்பாளர்கள் வேறு வழி கண்டுபிடித்தார்கள். சாஃப்ட்வேர் கம்பெனிகளிடம் பணம் வாங்கிக்கொண்டு, அவற்றின் சரக்கைப் புதிய மெஷினில் ஏற்றி அனுப்பினார்கள். லேப்டாப் வாங்கியவர் ஒரே சமயத்தில் வாடிக்கையாளராகவும் விற்பனைப் பொருளாகவும் ஆனார்.

2008-ல் சோனி இன்னொரு படி மேலே போனது. அமெரிக்காவில் தன் வையோ லேப்டாப்புகள் சிலவற்றை இந்த வேண்டாத சரக்கு இல்லாமல் 'சுத்தமாக'த் தருவதற்கு 49.99 டாலர் தனிக் கட்டணம் என்று அறிவித்தது. குப்பையைப் போட்டவரே அதை அள்ளக் கூலி கேட்டதைப் பார்த்துக் கண்டனம் எழவே, கட்டணத்தை உடனே கைவிட்டது.

விஷயம் எரிச்சலோடு நின்றுவிடுவதில்லை என்பதை லெனோவோ விவகாரம் காட்டியது. 2014-ன் பிற்பகுதியில் விற்பனையான அதன் சில லேப்டாப்புகளில் சூப்பர்ஃபிஷ் என்ற விளம்பரச் சாஃப்ட்வேர் ஏற்றப்பட்டிருந்தது. இணையப் பக்கங்களில் விளம்பரங்களைச் செருகுவதற்காக, அது பாதுகாப்பான இணைப்புகளின் நடுவிலேயே புகுந்து உட்கார்ந்தது. அதற்காகத் தானே ஒரு போலி முத்திரைச் சான்றிதழையும் மெஷினில் பதித்தது. எல்லா லேப்டாப்புகளிலும் ஒரே சாவி. அந்தச் சாவி கிடைத்த எவரும் வங்கியின் இணையதளம் போல வேடமிட்டு வரலாம். இதைவிட மோசம், சூப்பர்ஃபிஷை முறைப்படி நீக்கிய பிறகும் அந்தச் சான்றிதழ் உள்ளேயே தங்கிவிட்டது. 2015 பிப்ரவரியில் விவகாரம் வெடித்தது. இரண்டையும் சேர்த்து அகற்றும் கருவியை லெனோவோ வெளியிட வேண்டியதாயிற்று. வாடகைதாரர் போன பிறகும் மாற்றுச் சாவி அவரிடமே இருந்த கதை.

நீக்குவது சாத்தியமா என்ற கேள்வி நீதிமன்றம் ஏறியது அதற்கும் முன்னால், 1997-ல், வாஷிங்டனில். இன்டர்நெட் எக்ஸ்ப்ளோரரை விண்டோஸிலிருந்து பிரித்தால் விண்டோஸே சரியாக ஓடாது என்று மைக்ரோசாஃப்ட் வாதாடியது. தொண்ணூறு விநாடிக்குள் அதை நீக்க முடிந்ததே என்றார் நீதிபதி தாமஸ் பென்ஃபீல்ட் ஜாக்சன். ஆட்/ரிமூவ் வழியாகத்தான் அது நடந்தது. நீங்கியது மேல்பூச்சு மட்டும், உள்ளிருக்கும் சரக்கு அப்படியே இருக்கிறது என்றது கம்பெனி. இருவர் சொன்னதிலும் உண்மை இருந்தது. சிக்கலும் அங்கேதான். கண்ணுக்குத் தெரியாமல் போவது வேறு, இல்லாமல் போவது வேறு.

கால் நூற்றாண்டு கழித்து இதே வழக்கு வேறு உடையில் தில்லிக்கு வந்தது. இப்போது கூண்டில் நின்றது சட்டைப் பையில் இருக்கும் கம்ப்யூட்டர், அதாவது செல்போன். ஆண்ட்ராய்ட் போனில் கூகுளின் செயலித் தொகுப்பு முழுவதையும் கட்டாயமாக ஏற்ற வைப்பதும், அதை நீக்க வழி இல்லாமல் செய்வதும் நியாயமற்ற நிபந்தனை என்று இந்தியப் போட்டி ஆணையம் முடிவு செய்தது. 2022 அக்டோபர் 20 அன்று 1,337.76 கோடி ரூபாய் அபராதம் விதித்தது. கூடவே, முன்கூட்டியே ஏற்றிய தன் செயலிகளைப் பயனாளர் நீக்குவதை கூகுள் தடுக்கக்கூடாது என்றும் உத்தரவிட்டது. இந்தியாவில் 'நீக்கும் உரிமை'க்கு எழுத்தில் கிடைத்த முக்கியமான அங்கீகாரம் அது.

ஆனால் அந்த உரிமைக்கு ஆயுள் கெட்டியில்லை. கூகுள் மேல்முறையீடு செய்தது. 2023 மார்ச் 29 அன்று தேசிய கம்பெனி சட்ட மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் அபராதத்தை உறுதி செய்தது. நான்கு உத்தரவுகளை மட்டும் ரத்து செய்தது. அந்த நான்கில் ஒன்று, செயலிகளை நீக்கவிட வேண்டும் என்ற உத்தரவு. வழக்கு பிறகு உச்ச நீதிமன்றத்தின் படியேறியது.

விண்டோஸோடு சேர்ந்தே வரும் டிஃபெண்டர் ஆன்டி-வைரஸ் பற்றியும் ஆணையத்துக்கு ஒரு புகார் போனது. வேறு ஆன்டி-வைரஸைப் பயன்படுத்த யாருக்கும் தடையில்லை என்ற அடிப்படையில் 2025-ல் ஆணையம் அதை ஏற்க மறுத்துவிட்டது. தடுக்காமல் இருந்தால் போதும், நீக்கும் வசதியும் வேண்டுமென்பதில்லை என்பது ஒரு பார்வை.

ஐரோப்பா வேறு பார்வையை எடுத்தது. அங்கே 2024 மார்ச்சில் டிஜிட்டல் சந்தைச் சட்டத்தின் கட்டுப்பாடுகள் பெரிய கம்பெனிகள் மீது பாய்ந்தன. இயங்குதளத்தோடு வரும் செயலிகளை எளிதாக நீக்க வழி செய்ய வேண்டும் என்கிறது அந்தச் சட்டம். உடனே மைக்ரோசாஃப்ட், எட்ஜ் பிரௌசரையே நீக்கும் வசதியைக் கொடுத்தது. அதுவும் ஐரோப்பியப் பொருளாதாரப் பகுதியில் உள்ளவர்களுக்கு மட்டும். தொழில்நுட்பத்தால் முடியாது என்று சொல்லப்பட்டுவந்தது, சட்டம் வந்ததும் முடிந்துவிட்டது. பாரிஸுக்கும் பட்பட்கஞ்சுக்கும் வந்தது ஒரே விண்டோஸ்தான். வித்தியாசம் சட்டப் புத்தகத்தில் இருந்தது.

தனியார் கம்பெனிகளைப் பற்றி மட்டும் பேசினால் கதை முடிவதில்லை. 2025 நவம்பர் 28 அன்று தொலைத்தொடர்புத் துறை ஒரு உத்தரவு போட்டது. இந்தியாவில் விற்கும் புதிய போன்கள் எல்லாவற்றிலும் சஞ்சார் சாத்தி என்ற அரசுச் செயலியை 90 நாளுக்குள் ஏற்றித்தர வேண்டும், அதன் செயல்பாடுகள் முடக்கப்படக்கூடாது என்றது. களவுபோன போனைத் தடை செய்யவும் மோசடி அழைப்புகளைப் பற்றிப் புகார் செய்யவும் உதவும் செயலி அது. நோக்கத்தில் தவறு காண்பது கடினம். ஆனால் எதிர்க்கட்சிகளும் அந்தரங்க உரிமைக்காகக் குரல் கொடுப்பவர்களும் கேட்டது ஒரே கேள்வியைத்தான்: வேண்டாம் என்றால் நீக்க முடியுமா? டிசம்பர் 2 அன்று அமைச்சர் ஜோதிராதித்ய சிந்தியா, தாராளமாக நீக்கலாம் என்றார். மறுநாளே கட்டாயம் என்பதும் வாபஸ் ஆனது. மக்கள் தாமாகவே தரவிறக்கம் செய்துகொள்கிறார்கள், எனவே கட்டாயம் தேவையில்லை என்று அரசு விளக்கம் சொன்னது. வாதம் சரியானதே. நல்ல விருந்தாளியாக இருந்தால் வீட்டுக்காரரே கூப்பிடுவார்.

சட்டம் ஒரு முடிவுக்கு வரும்வரை மயூர் விஹார் பெரியவர் காத்திருக்க வேண்டியதில்லை. விண்டோஸ் 11-ல் செட்டிங்ஸ், அதில் ஆப்ஸ், அதில் இன்ஸ்டால்டு ஆப்ஸ் என்று போனால் உள்ளே இருப்பவர்களின் முழு ஜாபிதாவும் கிடைக்கும். ஒவ்வொன்றின் ஓரத்திலும் மூன்று புள்ளிகள். அவற்றைத் தட்டினால் 'அன்இன்ஸ்டால்' என்று வரும். பட்டியலை அளவின்படி வரிசைப்படுத்தினால் இடத்தை அடைத்துக்கொண்டிருப்பவர் யார் என்பது தெரிந்துவிடும். 256 ஜிபி மட்டுமே உள்ள லேப்டாப்பில், பேரன் விடுமுறைக்கு வந்து ஏற்றிவிட்டுப் போன ஒரே விளையாட்டு நூறு ஜிபியைத் தாண்டியிருக்கலாம். நீக்குவதற்கு முன் அவன் எட்டிய கட்டங்கள் சேமித்து வைக்கப்பட்டிருக்கின்றனவா என்று ஒரு வார்த்தை கேட்டுவிடுவது குடும்ப அமைதிக்கு நல்லது.

எல்லாவற்றையும் களையெடுக்கப் புறப்படுவதும் ஆபத்து. விஷுவல் சி++, டாட்நெட், ரியல்டெக், இன்டெல் என்ற பெயர்களோடு இருப்பவை வேண்டாத விருந்தாளிகள் அல்ல, வீட்டு வேலையாட்கள். அவற்றை நீக்கினால் ஒலி போகலாம், வேறு புரோகிராம்கள் முரண்டு பிடிக்கலாம். பெயர் புரியாதவற்றைத் தொடாமல் விடுவது உத்தமம். ஆன்டி-வைரஸ் போக மறுத்தால், அதைத் தயாரித்த கம்பெனியே நீக்குவதற்குத் தனிக் கருவி கொடுத்திருக்கிறதா என்று பார்க்கலாம். அது வெளியேறியதும் டிஃபெண்டர் தானாகவே காவலுக்கு வந்துவிடும். அடுத்து கன்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் மூன்றையும் சேர்த்து அழுத்தினால் டாஸ்க் மேனேஜர் திறக்கும். மெஷின் எழும்போதே கூட எழுபவர்களின் பட்டியல் அதில் இருக்கிறது. அவர்களில் பலரை நிறுத்திவைத்தாலே பழைய லேப்டாப்புக்கு மூச்சு வரும்.

ஒரே ஒரு எச்சரிக்கை. 'உங்கள் கம்ப்யூட்டரைச் சுத்தம் செய்கிறோம்' என்று இணையத்தில் கூவி அழைக்கும் இலவசப் புரோகிராம்களை நம்பி உள்ளே விடக்கூடாது. ரிஜிஸ்ட்ரியைத் துலக்குவதாகச் சொல்பவற்றை மைக்ரோசாஃப்டே ஆதரிப்பதில்லை. இவற்றில் சில, தங்களுடன் நாலு பேரைக் கூட்டிக்கொண்டு வருபவை. எலியை விரட்டப் பாம்பை வளர்த்த கதையாகிவிடும்.

அரை மணி நேரம் செலவழித்தால் பெரியவரின் லேப்டாப் மறுபடி அவருடையதாகிவிடும். பட்டியலின் கடைசியில், நீக்கும் பொத்தான் மங்கிப்போய், தட்டினாலும் அசையாத ஒன்றிரண்டு பெயர்கள் மட்டும் மிஞ்சலாம். ரசீதில் அவர் பெயர்தான் இருக்கிறது. ஆனால் அந்த ஒன்றிரண்டு அறைகளின் சாவி இன்னும் அவர் கைக்கு வரவில்லை.