உயர்கணிதம் தமிழில் எழுதப்படல் வேண்டும்!

உயர்கணித நூல்கள் தமிழில் வேண்டும் என்று எவரேனும் சொன்னவுடன் இரண்டு வினாக்கள் எழுகின்றன. ‘அத்தகைய கணிதத்தால் நாட்டுக்கு என்ன பயன்?’ என்பது ஒன்று. ‘பயன் உண்டெனினும், கற்க விழைவோர் ஆங்கிலத்திலேயே கற்கட்டுமே, தமிழில் எதற்கு?’ என்பது மற்றொன்று. இவ்வாறு வினவுவோர் தமிழ்ப் பகைவர் மட்டும் அல்லர். தமிழ்ப் பற்றுடையோரும், கல்லூரிகளில் கணிதம் கற்பிப்போருமே அவருள் உளர். ஆகலின் இவ்வினாக்களைச் சினத்தால் புறந்தள்ளாமல், அறிவியல் நடந்துவந்த வழியைக் கொண்டே விடையிறுத்தல் தகும்.

செருமனி நாட்டின் கோட்டிங்கன் பல்கலைக்கழகத்தில் தாவீது இல்பெர்ட்டு என்னும் கணிதப் பேரறிஞர் நிகழ்த்திய பாடங்களைத் தழுவி, அவர்தம் மாணவர் இரிச்சர்டு கூரண்டு ஒரு நூல் எழுதினார். ‘கணித இயற்பியலின் முறைகள்’ என்று பொருள்படும் அந்நூலின் முதற்பகுதி 1924-இல் வெளிவந்தது. அணுவினுள் நிகழ்வனவற்றை விளக்கும் குவாண்டம் இயக்கவியல் அன்று பிறக்கவே இல்லை. நரம்பின் அதிர்வு, முழவுத் தோலின் அதிர்வு, வெப்பம் பரவுதல் முதலியவற்றுக்குரிய கணிதமே அந்நூலில் நிரம்பியிருந்தது. ஆனால் ஈராண்டு கழித்து, 1926-இல், எர்வின் சுரோடிங்கர் அணுவுக்குரிய அலைச் சமன்பாட்டை வெளியிட்டபொழுது, அதனை ஆய்தற்கு வேண்டிய கருவிகள் அந்நூலுள் முன்னரே அணியமாய் இருந்தன. அவரும் தம் கட்டுரையில் அந்நூலைச் சுட்டியுள்ளார்.

இதன் உட்கருத்து எளியதே. இருமுனையும் இறுகக் கட்டிய யாழ்நரம்பு எல்லா ஒலிகளையும் எழுப்புவதில்லை. தன் நீளத்திற்கும் இறுக்கத்திற்கும் எடைக்கும் ஏற்ற சில ஒலிகளையே எழுப்பும். அவை அந்நரம்புக்கே உரிய ஒலிகள். அணுவுக்குள் கட்டுண்ட மின்னணுவும் அவ்வாறே எல்லா ஆற்றல் நிலைகளிலும் நிற்பதில்லை. தனக்கே உரிய சில நிலைகளில் மட்டுமே நிற்கும். ஐதரசன் வளி உமிழும் ஒளிக்கோடுகள் ஏன் இன்ன இன்ன நிறத்தில் அமைந்துள்ளன என்பதற்கு, நரம்புக்கென எழுந்த கணிதம் விடை கூறிற்று. இற்றைக் கணிப்பொறிகளின் உள்ளே இருக்கும் சில்லுகளும் இவ்வியற்பியலின் வழிவந்தவையே.

இத்தகைய மதிப்புகளுக்கு இல்பெர்ட்டு 1904-இல் இட்ட பெயர் எண்ணத்தக்கது. அப்பெயரின் முன்பாதியாகிய ‘ஐகன்’ என்பது, செருமானியர் வீட்டிலும் தெருவிலும் வழங்கும் சொல். ‘தனக்கே உரிய’ என்பது அதன் பொருள். உயர்ந்த கருத்துக்கு உயர்ந்த பழமொழிகளிலிருந்துதான் பெயர் வேண்டும் என்று அவர் இலத்தீனத்தையோ கிரேக்கத்தையோ நாடவில்லை. பின்னர் ஆங்கிலேயரே அச்சொல்லின் முன்பாதியைச் செருமானியத்திலும் பின்பாதியை ஆங்கிலத்திலுமாக வைத்து வழங்கலாயினர். தமிழ் மாணவன் ‘ஐகன்’ என்று ஒலிக்கும்பொழுது அவனுக்கு அஃது ஓர் ஓசை மட்டுமே. ‘தனக்குரிய மதிப்பு’ என்று அவனிடம் சொன்னாலோ கருத்தின் பாதி சொல்லிலேயே விளங்கிவிடும். தாய்மொழியில் கலைச்சொல் அமைப்பது வெறும் மொழிப்பற்று அன்று; கற்பிக்கும் முறையுள் அது முதன்மையானது என்பதற்கு இவ்வொரு சொல்லே சான்று.

பயன் என்ன என்று வினவுவோர்க்கு இன்னொன்றும் கூறலாம். வளைந்த வெளிகளை அளக்கும் கணிதத்தை இரீமன் 1854-இல் ஒரு பொழிவாக நிகழ்த்தினார். அவர் மறைந்தபின் 1868-இல்தான் அஃது அச்சேறிற்று. அன்று அதற்குக் கண்கண்ட பயன் ஏதும் இல்லை. 1912-இல் ஐன்சுட்டைன், ஈர்ப்பு விசைக்கு ஏற்ற கணிதம் யாதென்று தம் நண்பர் கிராசுமனிடம் கேட்டபொழுது, அவர் சுட்டியது இரீமன் வழிவந்த கணிதத்தையே. 1915-இல் ஈர்ப்புக் கொள்கை நிறைவெய்திற்று. இன்று இருப்பிடம் காட்டும் செயற்கைக்கோள்களின் கடிகாரங்கள், நிலவுலகின் கடிகாரங்களைவிட நாளொன்றுக்கு ஒரு நொடியின் பத்து நூறாயிரத்தில் 38 பங்கு விரைந்து ஓடுகின்றன. இக்கணிதத்தைக் கொண்டு திருத்தாவிடின், ஒரே நாளில் பிழை 10 கிலோமீட்டரைக் கடந்துவிடும்.

எழுதியது உரியவர் கைக்கு எட்டாமற் போயின் விளையும் இழப்பையும் காணல் வேண்டும். ஒரு பொருளின் ஊடே செல்லும் எல்லாக் கோடுகளின் வழியும் கிடைக்கும் கூட்டுத்தொகைகளை அறிந்தால், அப்பொருளின் உள்ளமைப்பை முழுமையாக மீட்கலாம் என்று யோகான் இராதன் என்பார் 1917-இல் செருமானிய மொழியில் எழுதி வெளியிட்டார். அக்கட்டுரையை அறியாத இயற்பியலாளர் ஆலன் கோர்மாக்கு, அதே சிக்கலைத் தாமே முயன்று தீர்த்து, 1963, 1964 ஆண்டுகளில் வெளியிட்டார். பல ஆண்டுகள் கழிந்த பின்னரே இராதனின் ஆய்வு அவருக்குத் தெரியவந்தது. மருத்துவமனைகளில் உடலின் உள்ளே வெட்டுமுகமாகப் படம் காட்டும் கருவிக்கு அடிப்படை இக்கணிதமே. அதற்காகக் கோர்மாக்கும் அவுன்சுபீல்டும் 1979-இல் நோபெல் பரிசு பெற்றனர். ஏட்டில் இருப்பது மட்டும் போதாது. தேடுவோனுக்கு அவன் அறிந்த மொழியில் எட்டுதலும் வேண்டும்.

இனி, இரண்டாம் வினாவுக்குச் சப்பான் விடை கூறும். அந்நாட்டுக் கணித அறிஞர் தகாகி தெயிசி 1938-இல் தம் பகுப்பியல் நூலைச் சப்பானிய மொழியிலேயே வெளியிட்டார். மாணவர் தலைமுறைகள் பல அதனைப் பயின்றன. 1973-இல் கோபயாசி, மசுகாவா என்னும் இருவர், பொருளுக்கும் எதிர்ப்பொருளுக்கும் இடையே இயற்கை காட்டும் வேறுபாட்டை அணிக்கணிதத்தால் ஆய்ந்தனர். இரண்டு நிரையும் இரண்டு நிரலும் உடைய அணியில் அவ்வேறுபாட்டுக்கு இடமில்லை; மும்மூன்றாய் அமைந்த அணியிலோ இடமுண்டு. ஆகவே, குவார்க்குகள் மூன்றே அறியப்பட்டிருந்த அக்காலத்தில், ஆறு இருக்கக்கூடும் என்று அவர்கள் எழுதினர். ஆறாவது 1995-இல் கண்டறியப்பட்டது. 2008-இல் நோபெல் பரிசு பெற்ற மசுகாவா, சுடாக்கோமில் தம் பரிசுரையைச் சப்பானிய மொழியிலேயே ஆற்றினார். உலகுக்குரைத்த அவர்தம் ஆய்வுக்கட்டுரை ஆங்கிலத்தில் வெளிவந்ததே. ஆங்கிலம் அறியாமை பெருமை என்பதற்கன்று இச்செய்தி. உயர்ந்த எண்ணம் தாய்மொழியில் விளையும். விளைந்ததைப் பிறமொழியில் பகிரலாம் என்பதற்கே.

தமிழ்நாட்டில் குடந்தைப் பள்ளி மாணவர் இராமானுசன், 1903-இல் கார் என்பார் ஆங்கிலத்தில் எழுதிய கணிதத் தொகுப்பொன்றைப் பெற்றார். சில ஆயிரம் தேற்றங்களை உரிய நிறுவல்கள் இன்றி நிரல்படுத்திய அந்நூலிலிருந்தே அவர் எழுந்தார். பேரறிவாளர்க்கு அத்தகைய ஒரு நூல் போதும். ஆனால் ஒரு நாட்டின் அறிவியல் பேரறிவாளர் ஒருவரால் மட்டும் நடப்பதன்று. முயன்று கற்கும் ஆயிரவர்க்குத் தெளிவாக எழுதிய நூல்வரிசை வேண்டும்.

அதற்குரிய தொடக்கம் தமிழில் உண்டு. தமிழ் வெளியீட்டுக் கழகமும், பின்னர்த் தமிழ்நாட்டுப் பாடநூல் நிறுவனமும் பட்டப்படிப்புக்குரிய கணித, இயற்பியல் நூல்களை வெளியிட்டன. 2010-இல் அண்ணா பல்கலைக்கழகத்தில் பொறியியலின் இரு பிரிவுகள் தமிழிலும் தொடங்கப்பெற்றன. இட்ட அடித்தளத்தின்மேல் சுவர் எழும்பல் வேண்டும். பட்டமேற்படிப்பையும் ஆராய்ச்சியின் வாயிலையும் எட்டும் நூல்கள் எழுதப்படல் வேண்டும். அவற்றை எழுதும் பேராசிரியர்க்கு, அயல்மொழிக் கட்டுரைக்கு நிகரான மதிப்புப் பணியுயர்விலும் கிடைத்தல் வேண்டும். தமிழகத்தாரும் ஈழத்தாரும் கூடிக் கலைச்சொற்களை ஒருமைப்படுத்தல் வேண்டும். வெளிவந்த நூலை வாங்கிப் பயிலும் கடமை தமிழ்ப் பற்றாளர்க்கு உண்டு.

கூரண்டின் நூல் 1924-இல் வெளிவந்தபொழுது, ஈராண்டில் அது யாருக்குப் பயன்படும் என்பதை எவரும் அறிந்திலர். எழுதி வைத்தமையால் உதவிற்று. தமிழிலும் எழுதி வைத்தல் வேண்டும். எழுதாத நூல் எந்நாளும் எவர்க்கும் உதவாது.