குகையெல்லாம் மடமல்ல

கப்படோக்கியா என்றதும் பலருக்குக் கண்முன் வருவது வானில் மிதக்கும் பலூன்கள். அவற்றுக்குக் கீழே, நடுத் துருக்கியின் பாறைப் பள்ளத்தாக்குகளில், பைசாந்திய காலத்தில் குடைந்த அறைகள் எண்ணற்றவை. பயணக் கையேடுகளைக் கேட்டால் ஒரே பதில்தான்: இது துறவிகளின் நாடு, இவை அவர்களுடைய மடங்கள். இந்தப் பேச்சு நான்கு கால்களில் நிற்கிறது. ஒவ்வொன்றாக ஆட்டிப் பார்ப்போம்.

முதல் வாதம்: உலகைத் துறந்தவர்தானே குகையில் வாழ்வார்?

அங்குள்ள பாறை எரிமலைச் சாம்பல் இறுகி உண்டானது. உளிக்கு எளிதில் இடம் கொடுக்கும். மரம் அரிதான அந்த மண்ணில் கட்டுவதைவிடக் குடைவது மலிவு. கோடையில் குளுமை, பனிக்காலத்தில் கதகதப்பு. வீடு, தொழுவம், புறாக்கூடு எல்லாமே பாறைக்குள்தான். ஒர்த்தஹிசார் ஊரில் இன்றும் எலுமிச்சையைக் குகைக் கிடங்கில் வைத்துக் காக்கிறார்கள். அதற்காக எலுமிச்சை வியாபாரி துறவியாகிவிடுவாரா?

இரண்டாம் வாதம்: தேவாலயங்கள் இத்தனை இருக்கின்றனவே?

பெரும்பாலானவை சிறியவை. காசு கொடுத்துக் குடைவித்தவர்களிலும் ஓவியம் தீட்டுவித்தவர்களிலும் இல்லறத்தார் உண்டு. சோவன்லிப் பள்ளத்தாக்கின் கராபாஷ் ஆலயச் சுவரெழுத்து 1060-61ஆம் ஆண்டினது. அது குறிப்பிடும் கொடையாளர்களில் ஒருவரான மிக்கேல் ஸ்கெபிதிஸ் அரசப் பட்டம் பெற்ற பிரமுகர். சவுஷின் ஆலயச் சுவரில் இருப்பதோ பேரரசர் நிகெபொரஸ் போக்காஸின் (963-969) உருவம். அவர் கப்படோக்கியப் படைத்தலைவர் குடும்பத்தில் வந்தவர். செல்வர்கள் தங்கள் ஆன்ம நலனுக்கும் கல்லறைக்கும் ஆலயம் எடுத்தார்கள். ஆலயத்தின் எண்ணிக்கை அவர்களுடைய பக்தியையும் பணத்தையும் காட்டும். துறவிகளின் தலைக்கணக்கைக் காட்டாது.

மூன்றாம் வாதம்: முற்றத்தைச் சுற்றி அறைகளும் ஓர் ஆலயமும் இருந்தால் அது மடம்தானே?

வலுவான வாதம் இதுதான், விழுவதும் இங்கேதான். பைசாந்திய மடத்தின் வாழ்வில் ஆலயத்துக்கு அடுத்த இடம் உணவுக்கூடத்துக்கு. துறவிகள் வரிசையாக அமர்ந்து ஒன்றாக உண்பது மடத்து ஒழுங்கு. முற்றத்து வளாகங்களில் அந்தக் கூடத்தைத்தான் காணோம். இருப்பவை வேறு: செதுக்கு வேலைப்பாடுள்ள முகப்பு, விருந்தினரை வரவேற்கும் பெருங்கூடம், பெரிய சமையலறை, குதிரை லாயம். மடம் என்று காட்டப்படும் செலிமே வளாகத்திலேயே இவை எல்லாம் உண்டு. மடக் குடியிருப்பு என்று நம்பப்பட்ட சான்லி கிலிசேயை 1990களில் ஆய்ந்த ராபர்ட் ஊஸ்டர்ஹவுட், அங்கே இருபதுக்கும் மேற்பட்ட முற்றத்து மாளிகைகள் கொண்ட ஓர் ஊரையே அடையாளம் கண்டார்.

நான்காம் வாதம்: துறவுக்கு விதி வகுத்த புனித பசிலியார் இந்த மண்ணின் மைந்தராயிற்றே?

ஆம். ஆனால் அவர் 379இல் மறைந்தவர். ஓவியம் தீட்டிய குகை ஆலயங்களில் பெரும்பாலானவை 9 முதல் 11ஆம் நூற்றாண்டு வரையிலானவை. இடையில் நானூறு ஆண்டுகளுக்கும் மேல். தவிர, பசிலியார் தனிமை நாடிப் போனது வடக்கே பொந்துஸுக்கு. கப்படோக்கியாவில் ஆயராக இருந்தபோது அவர் எழுப்பியது செசரியா நகரத்தை ஒட்டி ஏழைகளுக்கும் நோயாளிகளுக்குமான இல்லம்.

அப்படியானால் துறவிகளே இல்லையா? இருந்தார்கள். கொரேமேயில் பாறையிலேயே செதுக்கிய நீண்ட மேசையும் இருக்கைகளும் கொண்ட உணவுக்கூடங்கள் பல உள்ளன. அங்கே மடம் என்ற சொல் பொருந்தும். அந்தச் சொல்லை நாடு முழுக்கப் போர்த்தியதுதான் பிழை. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இந்தக் குகை ஆலயங்களின் ஓவியங்களை உலகுக்கு அறிமுகப்படுத்திய ஜெர்பானியோன் ஓர் இயேசு சபைக் குரு. அவருடைய பெருநூல் ஆலயங்களைப் பற்றியது. பின்வந்தவர்களும் ஆலயத்தைப் பார்த்தார்கள், பக்கத்து லாயத்தைப் பார்க்கவில்லை. அதனால் குதிரை வளர்த்தவரும் அடுப்பு மூட்டியவரும் வரலாற்றிலிருந்து நழுவிப்போனார்கள்.

அடுத்த முறை யாராவது ஒரு குகையைக் காட்டி மடம் என்றால், ஒரு கேள்வி போதும்: துறவிகள் எங்கே உட்கார்ந்து சாப்பிட்டார்கள்?