வேலைத்தலத்து வழக்கை யார் எடுப்பது?

நமது ஊர்களில் ஒரு பிள்ளை சட்டத்தரணியாகச் சத்தியப்பிரமாணம் செய்தால் சந்திக்குச் சந்தி வாழ்த்துப் பதாகை கட்டுகிறோம். கல்முனை, சாய்ந்தமருது, நிந்தவூர், சம்மாந்துறை எங்கும் இதைப் பார்க்கலாம். அந்தப் பெருமையில் எனக்கும் பங்குண்டு. அதன் பிறகு அவர்கள் கைக்கு வருபவை பெரும்பாலும் காணி வழக்கு, காசோலை வழக்கு, பராமரிப்பு வழக்கு, உறுதி முடித்தல். வேலைத்தலத்தில் பாகுபாட்டுக்கு ஆளானவரின் வழக்கையே தன் துறையாக எடுத்துக்கொள்ளும் சட்டத்தரணி நமக்கு வேண்டும்.

திருகோணமலை ஸ்ரீ ஷண்முகா இந்து மகளிர் கல்லூரி விவகாரத்தை யாரும் மறந்திருக்க மாட்டீர்கள். முஸ்லிம் ஆசிரியைகள் அபாயா அணிந்து வருவதை எதிர்த்து 2018 ஏப்ரலில் அங்கே போராட்டம் நடந்தது. அவர்கள் வேறு பாடசாலைக்கு மாற்றப்பட்டார்கள். மனித உரிமைகள் ஆணைக்குழு அது பாகுபாடு என்று கண்டது. ஆனால் ஆணைக்குழு தருவது பரிந்துரைதான். அதை நடைமுறைக்குக் கொண்டுவர ஓர் ஆசிரியை மேன்முறையீட்டு நீதிமன்றம் வரை போக வேண்டியிருந்தது. 2022 பெப்ரவரி 2ஆம் திகதி அவர் கடமைக்குத் திரும்பிய அன்றே மறுபடியும் குழப்பம். ஏறத்தாழ நான்கு வருடங்கள். அத்தனை காலமும் கடிதங்களையும் திகதிகளையும் சேர்த்துவைத்து, துவண்ட மனுதாரருக்குத் தைரியம் சொல்லி நிற்பதுதான் இந்தச் சட்டத்தரணியின் தொழில்.

அந்த ஆசிரியைக்கு ஒரு சாதகம் இருந்தது. அவர் அரச ஊழியர். இனம், மதம், மொழி, சாதி, பால் முதலிய காரணங்களால் எந்தப் பிரசைக்கும் பாரபட்சம் காட்டக்கூடாது என்கிறது அரசியலமைப்பின் 12(2)ஆம் உறுப்புரை. அரச நிருவாகம் அதை மீறினால் உயர் நீதிமன்றத்துக்குப் போகலாம். ஆனால் ஒரு மாதத்துக்குள் போக வேண்டும். நம்மவர்கள் முதலில் அதிபரிடம் போவார்கள், பிறகு வலயக் கல்விப் பணிப்பாளரிடம், பிறகு அரசியல்வாதியிடம். அதற்குள் மாதம் முடிந்துவிடும். அந்த மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டால், விசாரணை நடக்கும் காலம் அந்தக் கெடுவில் சேராது. 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டம் தரும் சலுகை இது. ஆணைக்குழுவின் பிராந்திய காரியாலயம் கல்முனையிலேயே இருக்கிறது. உயர் நீதிமன்றம் இருக்கும் புதுக்கடைக்குப் பஸ் ஏறுவதற்கு முன் ஏற வேண்டிய படி அது.

தனியார் துறையில் வேலை செய்பவருக்கு இந்த வழியும் இல்லை. மதத்தின் பேரில் ஒருவரைக் கடைக்குள் வர விடாமல் தடுக்கக்கூடாது என்று 12(3) சொல்கிறது. அதே கடையில் வேலை கேட்டுப் போனவரை மதத்தின் பேரில் திருப்பி அனுப்பினால் அந்த உறுப்புரை கைகொடுக்காது. வேலையில் பாரபட்சத்துக்கு எதிரான சர்வதேச தொழில் அமைப்பின் 111ஆம் சமவாயத்தை இலங்கை 1998இல் ஏற்றது. தனியார் தொழில்தருநரைக் கட்டுப்படுத்தும் பொதுவான பாரபட்சத் தடைச் சட்டம் இன்னும் வரவில்லை.

வேலையிலிருந்து நிறுத்தப்பட்டவருக்குத் தொழில் நியாய சபை உண்டு. ஆறு மாதத்துக்குள் விண்ணப்பிக்க வேண்டும். நியமனக் கடிதம் இல்லையே என்று பயப்படத் தேவையில்லை. வாய்ப்பேச்சில் சேர்ந்த வேலையையும் கைத்தொழில் பிணக்குகள் சட்டம் ஏற்கிறது. நியாயமென்று கண்டால் வேலையைத் திருப்பிக் கொடுக்கவோ நட்டஈடு வழங்கவோ சபை கட்டளையிடலாம்.

இதை நான் அழுத்திச் சொல்வதற்குக் காரணம் நமது சொந்தக் கடைகள். புடவைக் கடையில் நாள் முழுக்க நிற்கும் பெண்பிள்ளை பக்கத்தில் நிற்கும் பொடியனைவிடக் குறைந்த சம்பளம் வாங்குகிறாள். வயிற்றில் பிள்ளை என்று தெரிந்ததும் “வீட்டில இருங்க மகள்” என்று அன்பாகச் சொல்லி அனுப்பிவிடுகிறார்கள். கர்ப்பத்துக்காக வேலையை விட்டு நிறுத்துவது சட்டப்படி குற்றம். திருகோணமலைக்காகக் குரல் கொடுத்த நமக்கு இந்தப் பிள்ளைக்காகப் பேசும் கடமை இன்னும் கூடுதலாக உண்டு. முதலாளி நமது சொந்தக்காரர், நமது பள்ளிவாசல் தலைவர் என்றால் வழக்கை எடுக்க எந்தச் சட்டத்தரணியும் தயங்குவார். தயங்காதவரைத்தான் நான் தேடுகிறேன்.

புதிதாகக் கறுப்பங்கி அணிந்த தங்கச்சிமாரிடமும் தம்பிமாரிடமும் கேட்கிறேன்: உங்களில் இரண்டு மூன்று பேராவது இந்தத் துறையைப் படித்து, இதிலேயே நில்லுங்கள். பெரிய வருமானம் வராது. கட்சிக்காரரிடம் காசே இருக்காது. கல்முனை சட்டத்தரணிகள் மாதத்தில் ஒரு நாள் இதற்கென்று இலவச ஆலோசனைக்கு உட்கார்ந்தால் அது பெரிய தொடக்கம். வாசகர்களுக்கு ஒரு வேண்டுகோள்: வேலையிடத்தில் அநியாயம் நடந்தால் அன்றைக்கே திகதியை எழுதிவையுங்கள், கடிதத்தைக் கிழித்துப் போடாதீர்கள், மாதம் முடியுமுன் சட்டம் தெரிந்த ஒருவரிடம் போங்கள்.