கோட்டையும் கோடும்

அமெரிக்காவின் ஜோர்ஜியா மாநிலத்து ஆறாம் காங்கிரஸ் தொகுதி குடியரசுக் கட்சியின் இயற்கைக் கோட்டையாயிருந்தது என்பாருளர். அது இயற்கையன்று, வரைபடம். அத்லாந்தாவின் வடபுறநகருக்கு அவ்விலக்கம் வந்ததே 1992இல். தெற்கே வென்றுவந்த நியூட் கிங்ரிச் அதனைத் தேடி வீடு மாறினார்!

கறுப்பினத்தவரும் ஆசியக் குடியேறிகளும் பெருக, படித்த வெள்ளையர் பலரும் மனம்மாற, 2018இல் கறுப்பினப் பெண்மணி லூசி மக்பாத் ஏறத்தாழ 3,200 வாக்குகளால் வென்றார். 2020இல் வித்தியாசம் பெருகிற்று. வாக்காளர் மாறியதும் ஆளுங்கட்சி எல்லைக்கோட்டை மாற்றியது: 2021இல் வெள்ளையர் செறிந்த வடபகுதிகள் இணைக்கப்பட்டன, 2022இல் ஆசனம் மீண்டது. இதனை மக்கள் தீர்ப்பென்பது எங்ஙனம்?

2023இல் சமஷ்டி நீதிமன்றம் மாநில வரைபடம் வாக்குரிமைச் சட்டத்தை மீறியதெனத் தீர்த்தது. இலக்கம் மேற்கே, கறுப்பினப் பெரும்பான்மைப் புறநகருக்குப் பெயர, அயற்றொகுதிக்குத் துரத்தப்பட்டிருந்த மக்பாத் 2024இல் அங்கே வென்றார். 2018இல் அவரைத் தெரிவுசெய்த வடபுறநகரோ அத்தொகுதிக்கு வெளியே கிடந்தது.