ராஜாஜியைத் திட்டாமல் காமராஜரைப் புகழ முடியாதா?

பதிவு கொஞ்சம் நீளம். டீ குடித்துக்கொண்டே படியுங்கள்.

ஜூலை 15 வந்துவிட்டால் நம் வாட்ஸ்அப் குழுக்களில் காமராஜர் படம் நிறைந்துவிடும். சந்தோஷம். விருதுநகர் மண்ணில் பிறந்தவர்களுக்கு அந்தப் பெருமை இல்லாமல் போகுமா? ஆனால் அந்தப் பதிவுகளில் பாதி, "குலக்கல்வி கொண்டுவந்த ராஜாஜி" என்று தொடங்கி வசவிலேயே முடிகிறது. இன்னொரு பக்கம், தொழில் செய்யும் நம் பிள்ளைகள் சிலர், "அரசாங்கம் கையைக் கட்டிக்கொண்டு இருந்தாலே போதும், நாங்கள் பிழைத்துக்கொள்வோம்" என்கிறார்கள். இதே கருத்தை 65 வருடங்களுக்கு முன்பே ஒரு கட்சியாகக் கட்டி எழுப்பியவர் ராஜாஜிதான் என்பது அவர்களில் பலருக்குத் தெரியாது. திட்டுகிறவர்களும் சரி, தெரியாமலே அவர் வழியில் பேசுகிறவர்களும் சரி, அந்த மனிதரின் அரசியல் வாழ்க்கையை ஒருமுறை முழுதாகப் பார்க்க வேண்டும் என்பது என் கட்சி.

1878 டிசம்பர் 10-ல் தொரப்பள்ளியில் பிறந்தவர். சேலத்தில் பெயர் பெற்ற வக்கீல், பிறகு நகராட்சித் தலைவர். காந்தி அழைத்ததும் வருமானத்தை விட்டுவிட்டு சிறைக்குப் போனார். 1930-ல் வேதாரண்யம் உப்பு சத்தியாகிரகம். 1937-ல் சென்னை மாகாணப் பிரதமர். வந்ததும் சேலம் மாவட்டத்தில் மதுவிலக்கு. கள், சாராய வருமானம் போனதை ஈடுகட்ட 1939-ல் விற்பனை வரி கொண்டுவந்தார். இன்று ஜிஎஸ்டி கட்டும்போது முணுமுணுக்கிற நம் வியாபாரிகள் இதை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். அரசாங்கத் தலையீடு வேண்டாம் என்று பின்னாளில் முழங்கியவர்தான் அந்த வரிக்கும் தகப்பன். 1938-ல் பள்ளியில் கட்டாய இந்தி கொண்டுவந்தவரும் அவரே. 1960-களில் இந்தித் திணிப்பை எதிர்த்தவரும் அவரே. அவரை ஒரே வரியில் அடக்க முயன்றால் வரிதான் உடையும்.

பதவி விஷயத்தில் அவரிடம் ஒரு குணம் இருந்தது. கருத்து ஒத்துவராவிட்டால் எழுந்து போய்விடுவார். 1942-ல் காங்கிரசே ஒரு பக்கம் நின்றபோது, பாகிஸ்தான் கோரிக்கையை ஏற்றுப் பேசித் தீர்க்கலாம் என்று சொல்லி வெளியேறினார். சுதந்திரத்துக்குப் பின் வங்காள கவர்னர், கவர்னர் ஜெனரல், மத்திய உள்துறை அமைச்சர் என்று உச்சிக்கெல்லாம் போய்விட்டு, 1952-ல் சென்னைக்கு முதலமைச்சராகத் திரும்பி வந்தார். அப்போது 375 இடங்களில் காங்கிரசுக்குக் கிடைத்தது 152. இவர் தேர்தலில் நிற்கவே இல்லை; மேலவை நியமன உறுப்பினராக வந்து முதலமைச்சர் ஆனார். அது ஜனநாயகத்துக்கு அழகில்லை என்று அன்றே பலர் சொன்னார்கள். எனக்கும் அதே அபிப்பிராயம்தான்.

வந்ததும் உணவு தானியக் கட்டுப்பாட்டை நீக்கினார். பஞ்சம் வரும் என்று பயந்தார்கள், வரவில்லை. அது அவர் வெற்றி. அடுத்த ஆண்டு, 1953-ல், கிராமத் தொடக்கப் பள்ளிகளில் பிள்ளைகளுக்கு ஒரு வேளை மட்டும் பள்ளி, மீதி நேரம் பெற்றோரோடு இருந்து தொழில் கற்க வேண்டும் என்றார். காசு குறைவு, கட்டடம் குறைவு, இரண்டு மடங்கு பிள்ளைகளைச் சேர்க்கலாம் என்பது அவர் கணக்கு. கணக்கு காகிதத்தில் சரி. எங்கள் ஊரில் அது எப்படி இருந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

நான் வேலைக்குச் சேர்ந்த காலத்தில் விடியற்காலை நாலு மணிக்கே தீப்பெட்டி ஆபீஸ் பஸ் கிராமத்துக்குள் வந்துவிடும். பத்து வயதுப் பிள்ளை தூக்குச்சட்டியோடு ஏறும். தீபாவளி நெருங்க நெருங்க வருகைப் பதிவேட்டில் ஒரு பக்கம் முழுக்க "ஆ" விழும். கட்டை அடுக்கவும் பெட்டி ஒட்டவும் சின்ன விரல்தான் வேகம் என்று பெரியவர்களே சொல்வார்கள். முழுநாள் பள்ளி இருந்த காலத்திலேயே இந்தக் கதி. அரைநாளைச் சட்டமே விட்டுக்கொடுத்திருந்தால்? ஏழை வீட்டில் "பெற்றோரிடம் தொழில் கற்பது" என்பதற்குக் கூலி வேலை என்று மட்டும்தான் அர்த்தம். வீடு என்றால் தன் வீடு போல இருக்கும் என்று ராஜாஜி நினைத்தார். அங்கேதான் அவர் சறுக்கினார்.

1954 ஏப்ரலில் அவர் விலக, காமராஜர் வந்தார். திட்டம் கைவிடப்பட்டது. இங்கே காமராஜரின் பெருந்தன்மையையும் பாருங்கள். தலைவர் தேர்தலில் ராஜாஜி ஆதரவோடு தன்னை எதிர்த்துத் தோற்ற சி.சுப்பிரமணியத்தையே கல்வி அமைச்சராக்கினார். அவர்களே திட்டிக்கொள்ளவில்லை, நாம் ஏன் திட்ட வேண்டும்?

1959-ல், எண்பது வயதில், ராஜாஜி சுதந்திராக் கட்சியைத் தொடங்கினார். அந்த ஆண்டு ஜனவரியில் நாக்பூர் காங்கிரஸ் மாநாடு கூட்டுறவுப் பண்ணைத் தீர்மானம் போட்டதுதான் உடனடிக் காரணம். எதற்கெடுத்தாலும் பெர்மிட், எதற்கெடுத்தாலும் லைசென்ஸ், அதைக் கொடுக்கிறவன் கையில் ராஜ்யம் என்பது அவர் குற்றச்சாட்டு. "பெர்மிட் லைசென்ஸ் ராஜ்யம்" என்ற சொல்லே அவருடையது. 1967-ல் அந்தக் கட்சி மக்களவையில் 44 இடங்களோடு மிகப் பெரிய எதிர்க்கட்சி ஆனது. சிவகாசி நாடாளுமன்றத் தொகுதியும் அப்போது அவர்களுக்குத்தான். அந்தத் தேர்தலில்தான் திமுக கூட்டணியில் ராஜாஜி நிற்க, விருதுநகரில் காமராஜர் 1,285 ஓட்டில் தோற்றார்.

நம் சிவகாசிக்காரர்களுக்கு அவர் பேச்சு இனித்ததில் ஆச்சரியம் இல்லை. 1920-களில் அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தாவுக்குப் போய்த் தீப்பெட்டித் தொழில் கற்றுவந்தபோது எந்த அரசாங்கமும் பணம் கொடுக்கவில்லை. மகமைப் பணத்தில் பள்ளிக்கூடம் கட்டிய ஊர்கள் இவை. லைசென்ஸ் அலைச்சலும் நமக்குத் தெரியும். டிஆர்ஓ லைசென்ஸ், சென்னை லைசென்ஸ், நாக்பூர் லைசென்ஸ் என்று மூன்று படி. (ராஜாஜிக்கும் நாக்பூர், நமக்கும் நாக்பூர்!) ஃபைல் நகர்வதற்கு என்னென்ன செய்ய வேண்டும் என்று என்னிடம் படித்தவர்களே சொல்லக் கேட்டிருக்கிறேன். இந்த நோயை முதலில் பெயர் சொல்லிக் கூப்பிட்டவர் என்பதற்காகவே அவரை நாம் படிக்க வேண்டும்.

ஆனால் இந்தப் பேச்சு மருந்து அறை வாசலில் நின்றுவிடுகிறது. 2012-ல், ஆசிரியர் தினத்தன்று, முதலிப்பட்டியில் நடந்த வெடிவிபத்தை நீங்கள் யாரும் மறந்திருக்க மாட்டீர்கள். 30 பேருக்கு மேல் கருகிப்போனார்கள். அதற்குப் பிறகும் வருடம் தவறாமல் விபத்து. ஒரு அறையில் இத்தனை பேர், இத்தனை கிலோ மருந்து என்ற விதி சந்தைக்கு விரோதமானது இல்லை. அது உயிருக்கு வேலி. லைசென்ஸ் வாங்கியவர் அறைகளை உள்குத்தகைக்கு விட்டுவிட்டு வீட்டில் உட்கார்ந்திருக்க, குத்தகைக்காரர் அளவுக்கு மீறி ஆளையும் மருந்தையும் ஏற்றுகிறார். காகிதம் பத்திரமாக இருக்கிறது, ஆள் இல்லை.

என் வாதம் இதுதான். ராஜாஜி சொன்னபடி காகிதம் குறைய வேண்டும். கொடுக்க வேண்டிய அனுமதியைக் காலக்கெடுவுக்குள் கொடுக்க வேண்டும். காமராஜர் செய்தபடி பள்ளியிலும், அதோடு உயிர் காக்கும் இடத்திலும், அரசாங்கம் ஓர் அங்குலம்கூடப் பின்வாங்கக் கூடாது. சிவகாசித் தீப்பெட்டி ஆலைக் குழந்தைகளுக்காகத் தொடங்கிய வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது 1996 டிசம்பர் 10. ராஜாஜியின் பிறந்த நாள்! ஒரு குழந்தையை வேலைக்கு வைத்தால் முதலாளி 20,000 ரூபாய் கட்ட வேண்டும் என்றது. பஸ்ஸில் தூக்குச்சட்டிகள் குறைந்ததற்குச் சந்தையா காரணம்? சட்டமும் சத்துணவும் பள்ளிக்கூடமும்தான்.

கடைசியாக ஒன்று. காமராஜரின் காங்கிரசை வீழ்த்த ராஜாஜி யாருக்குத் தோள் கொடுத்தாரோ, அந்த ஆட்சிதான் 1971-ல் அவர் உயிராக நினைத்த மதுவிலக்கைத் தளர்த்தியது. தள்ளாத வயதில் முதல்வரை நேரில் பார்த்து, வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார். பலன் இல்லை. அந்த ஆண்டுத் தேர்தலில் அவரும் காமராஜரும் ஒரே அணியில் நின்றும் தோற்றார்கள். 1972 டிசம்பர் 25-ல் மறைந்தார். இரண்டே வருடத்தில் கட்சியும் வேறொன்றில் கரைந்தது. ஒருவரை வீழ்த்துவதற்காகவே சேருகிற கூட்டணி, வென்ற மறுநாளே நம் கொள்கையைக் கேட்காது. இன்று ஓட்டுப் போடுகிற இளசுகள் இதைக் குறித்துக்கொள்ளுங்கள்.

பட்டாசு ஆலை வைத்திருக்கும் என் பிள்ளைகளே, உள்குத்தகை வேண்டாம். அரசு நாற்காலியில் இருக்கும் பிள்ளைகளே, ஃபைலை நிறுத்தாதீர்கள், ஆய்வை விடாதீர்கள். வருகிற ஜூலை 15-க்குக் காமராஜர் படம் போடுங்கள். வசவு மட்டும் வேண்டாம்.

மாற்றுக் கருத்து இருந்தால் கீழே எழுதுங்கள். பதில் சொல்கிறேன். எழுத்துப் பிழைக்கு மட்டும் மார்க் குறைப்பேன்!