பட்டாவில் இல்லாத பெயர்

(மூன்றாம் ஆண்டு, இளங்கலை வரலாறு)

எங்கள் ஊர் சேக்காடு, ஆவடியை அடுத்தது. நெல் விளைந்த நிலங்கள் மனைகளாகிவிட்டன. ஏர் ஓடிய காலத்தில் ஒரு சாண் வரப்புக்காகச் சண்டை மூண்டால் பெரியவர்கள் கூடித் தீர்த்து வைத்தார்கள். இன்று நிலத்துக்குச் சதுர அடிக் கணக்கில் விலை, சண்டையோ நீதிமன்றத்தில். அங்கே முதற்கேள்வி: ஆவணம் எங்கே?

கேள்வி பழையதுதான். நம் மாவட்டத்துத் திருவாலங்காட்டுச் செப்பேடுகளை எண்ணிப் பாருங்கள். முதலாம் இராசேந்திர சோழன் பழையனூரைக் கோயிலுக்கு வழங்கியபோது பெண் யானையை நடக்கவிட்டு எல்லை குறித்து, அதைச் செம்பில் வெட்டி வைத்தார்கள். நம் பாட்டன்மார் தகரப் பெட்டியில் வைத்த காகிதத்தையோ கரையான் விட்டுவைப்பதில்லை!

ஆவணம் என்றதும் நம்மவர்கள் நீட்டுவது பட்டா. பட்டா யார் பெயரில் இருக்கிறதோ அவரே நிலத்துக்கு உரியவர் என்பது ஊரார் நம்பிக்கை. அது சரியன்று. வரியை யாரிடம் வாங்குவது என்பதற்காக வருவாய்த் துறை வைத்திருக்கும் கணக்கே பட்டா. வருவாய்க் கணக்கில் பெயர் மாறுவதால் உரிமை பிறப்பதுமில்லை, அழிவதுமில்லை என்று உச்ச நீதிமன்றம் 1996-லும் 2021-லும் கூறியிருக்கிறது. (புறம்போக்கை ஏழைகளுக்கு அரசே வழங்கும் ஒப்படைப் பட்டா வேறு வகை.) பட்டா வீண் என்று நான் சொல்லவில்லை. அனுபோகத்துக்கு அது நல்ல துணைச் சான்று, அவ்வளவே.

அப்படியானால் எதைக் காட்டுவது? விலைக்கு வாங்கிய நிலமானால் கிரயப் பத்திரம் உண்டு, அதற்கு முந்திய தாய்ப்பத்திரம் உண்டு. 1908-ஆம் ஆண்டுப் பதிவுச் சட்டப்படி பதிவானவை வில்லங்கச் சான்றில் வரிசையாக வந்துவிடும். வழிவழி வந்த நிலத்தின் கதை வேறு. தகப்பனார் உயில் எழுதாமல் கண்ணை மூடினால், அந்த நொடியிலேயே சொத்து வாரிசுகளுக்குப் போய்விடுகிறது. அதற்கென்று யாரும் பத்திரம் எழுதுவதில்லை. சாவு வில்லங்கச் சான்றில் ஏறுவதில்லை! ஆகவே நிலம் வந்த வழியை மட்டுமல்ல, ஆட்கள் வந்த வழியையும் மெய்ப்பிக்க வேண்டும். யார் என்று இறந்தார், அவருக்குப் பிள்ளைகள் எத்தனை பேர் என்ற இந்த இரண்டாவது சங்கிலியைத்தான் நம் குடும்பங்கள் அலட்சியம் செய்கின்றன. அதில் முதலில் அறுபடுவது பெண்ணின் கண்ணி.

என் வீட்டிலேயே நடந்தது. தாத்தா 1968-இல் தம் உழைப்பில் வாங்கிய நிலம் அது. 1994-இல் காலமானார், பின்னர் பாட்டியும் போய்விட்டார். வாரிசுச் சான்றில் பெரியப்பா பெயரும் என் தந்தையார் பெயரும் மட்டுமே ஏறின. "அத்தையைக் கட்டிக் கொடுத்தாயிற்றே" என்பது அன்றைய நியாயம். என் தந்தையாரும் வாய் திறக்கவில்லை. நாளடைவில் பட்டா பெரியப்பா பெயருக்குப் போயிற்று. மனை வாங்க ஆள் வந்தபோதுதான் அத்தை தம் மூன்றில் ஒரு பங்கைக் கேட்டார். கேட்டவரிடம், நீங்கள் இன்னாரின் மகள் என்பதற்குச் சான்று என்ன என்கிறார்கள். ஆதார் அட்டையில் கணவர் பெயர். குடும்ப அட்டையிலும் அதுவே. ஐந்தாம் வகுப்பு வரை படித்த பள்ளியின் சேர்க்கைப் பதிவேட்டையும், மஞ்சள் தடவிய கலியாணப் பத்திரிகையையும் தேடி எடுத்துப் பாகப்பிரிவினை வழக்குத் தொடுத்திருக்கிறார்.

"இத்தனை ஆண்டு அண்ணன்தானே பயிரிட்டார்?" என்று ஊரார் கேட்கிறார்கள். கூட்டு உரிமையாளர்களில் ஒருவர் அனுபவிப்பது எல்லாருக்காகவும் அனுபவிப்பதாகவே சட்டம் கொள்ளும். மற்றவரின் உரிமையை வெளிப்படையாக மறுத்து, அது அவருக்குத் தெரிந்து, பன்னிரண்டு ஆண்டு கழிந்தால்தான் நிலைமை வேறு.

தமிழ்நாட்டிலிருந்து உச்ச நீதிமன்றம் சென்ற ஒரு வழக்கை இங்கே சொல்ல வேண்டும். ஒருவர் 1938-இல் நீதிமன்ற ஏலத்தில் எடுத்த நிலம். அவருக்கு ஒரே மகள். அவர் இறந்தது 1949-லா, 1957-லா என்பதே பெரும் வாதமாயிற்று. இடையில் 1956-இல் இந்து வாரிசுரிமைச் சட்டம் வந்துவிட்டதல்லவா? கீழ் நீதிமன்றங்கள் 1949 என்று கொண்டு, சொத்து சகோதரரின் மகனுக்கே என்றன. 1949 என்றாலும் தந்தை தாமே தேடிய சொத்து மகளுக்கே சேரும் என்று உச்ச நீதிமன்றம் 2022 சனவரி 20-இல் தீர்ப்பளித்தது. அந்த மகள் 1967-லேயே இறந்துவிட்டிருந்தார்.

தீர்ப்புகள் பெண்களுக்குத் துணை நிற்கின்றன. அலுவலகக் காகிதங்கள் நிற்கவில்லை. வாரிசுச் சான்று கேட்டு மனு வந்தால், இறந்தவருக்குப் பெண் மக்கள் உண்டா என்று ஊரில் நேரில் விசாரித்து, அவர்களிடமும் கையெழுத்துப் பெற்ற பின்னரே வழங்க வேண்டும். பங்கு வேண்டாம் என்பவர் விடுதலைப் பத்திரம் பதிந்து கொடுக்கட்டும்; மௌனத்தைச் சம்மதமாக எழுதிக்கொள்ளும் வழக்கம் ஒழிய வேண்டும். படிக்கத் தெரிந்த நாமும் வரும் விடுமுறையில் வீட்டுப் பெட்டியைத் திறந்து, புல எண்ணையும் இறப்புச் சான்றுகளையும், அத்தைமார் பெயர்களையும் ஒரு குறிப்பேட்டில் எழுதி வைக்கலாம். பெரியவர்கள் இருக்கும்போதே கேட்டால்தான் தெரியும்.

அத்தையின் வழக்கு இன்னும் சாட்சி விசாரணைக்கு வரவில்லை. வரும்போது தங்கை பக்கம் கூண்டில் ஏறுவதாக என் தந்தையார் சொல்லியிருக்கிறார். பெரியப்பா வீட்டில் எங்களோடு இப்போது பேச்சு இல்லை.