யாருடைய யாத்திராகமம்?

மலையக நாவல் ஒன்றுக்கு அண்மையில் கொடுத்த பரிசின் பாராட்டுரை, அதை 'இன்னொரு யூத சரித்திரம்' என்று மெச்சியது. அரங்கு கைதட்டியதாம். நம் மேடைகளில் இது பழைய பாட்டு. யாத்திராகமத்தைப் புரட்டிப் பாராதவர்கூட மோசேயைக் கூப்பிடுவார். யூதர் கண்டிப் பக்கத்திலேயே இருந்தார்களே, அவர்களைப் பற்றி ஒரு வரி உண்டா என்பதுதான் நம் ஆத்திரம்.

புசல்லாவையில் 1841இல் கோப்பித் தோட்டம் திறந்த வோர்ம்ஸ் சகோதரர்கள், ரொத்சைல்ட் குடும்பத்தின் மகள்வழிப் பேரர்கள். தோட்டத்துக்கு வைத்ததும் ரொத்சைல்ட் என்ற பெயரே, இன்றும் அதுதான். சீனத்துத் தேயிலைக் கன்றையும் அங்கே நட்டுப் பார்த்தார்கள். மன்னாரில் இறங்கி, காட்டு வழியே மாத்தளைக்கு நடந்து, வழியில் செத்தது போக மிஞ்சி வந்த நம் சனத்துக்கு அவர்கள் துரைமார். இந்தக் கதையில் எகிப்து யார், இஸ்ரவேல் யார்?

அடுத்த யூதர் லெனார்ட் வுல்ஃப். 1907இல் கண்டிக் கச்சேரிக்கு வந்தவர். போகம்பறையில் தூக்குப் போடும்போது அதிகாரியாகப் பக்கத்தில் நின்றவர். பிறகு அம்பாந்தோட்டையில் கண்டதை வைத்து 1913இல் அவர் வெளியிட்ட காட்டுக் கிராம நாவல்மீது நமக்குப் பழைய பைத்தியம். அதன் நாயகன் சிலிந்துவின் பயத்தை, கச்சேரி நாற்காலியில் இருந்த ஒரு வெள்ளைக்காரர் எப்படி எழுதினார்!

உடவத்தகலைக் காட்டு ஆசிரமத்தில் நெடுங்காலம் வாழ்ந்து 1994இல் மறைந்த ஞானபொனிக தேரர், ஜெர்மனியின் ஹனாவில் யூதக் குடும்பத்தில் பிறந்தவர். பூர்வாசிரமப் பெயர் சீக்மண்ட் ஃபெனிகர். நாஜிகளிடமிருந்து தாயையும் 1939இல் இங்கே வரவழைத்துக் காப்பாற்றினார். யுத்தம் தொடங்கியதும் பிரித்தானியர், ஹிட்லர் துரத்திய அதே மனிதரை ஜெர்மானியர் என்று பிடித்துத் தியத்தலாவையிலும் டேராடூனிலும் அடைத்தனர். 1951இல் இலங்கைப் பிரஜையானார். கண்டி ஏரிக்கரையில் இருக்கும் பௌத்த நூல் வெளியீட்டுச் சங்கம் 1958இல் அவர் முன்னின்று தொடங்கியது. அவருக்குப் பிரஜாவுரிமை கிடைத்ததில் நமக்கு மனத்தாங்கல் இல்லை. அகதிக்கு அப்படித்தான் கொடுக்க வேண்டும்.

ஆனால் அதே அரசு, அதற்கு மூன்று வருடம் முன்னர், 1948இல், ஹந்தானை லயங்களில் பிறந்தவர்களை நாடற்றவராக்கியிருந்தது. 1964இல் இலங்கைப் பிரதமர் சிறிமாவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் 525,000 பேர் உனக்கு, 300,000 பேர் எனக்கு என்று பங்கு பிரித்தார்கள். மிச்சம் 150,000 பேரைப் 'பிறகு பார்ப்போம்' என்று வைத்தார்கள். பாராட்டுரை எழுதுவோரே, இதைச் சொல்லப் பாபிலோன் எதற்கு? நாடற்றவராகவே மிஞ்சியிருந்தோருக்குப் பிரஜாவுரிமை தரும் சட்டம் வந்தது 2003இல்.